வந்து சேர ஏழு வருஷம்

பைகுண்ட் பாடக் பாடினால் ஏழு வருஷம் கழித்துத்தான் கேட்கும். பேச்சு அப்படியில்லை. பால்காரனைக் கூப்பிட்டால் பால்காரனுக்கு உடனே கேட்கும், தும்மினால் சந்துக்கே கேட்கும். பாட்டு மட்டும்தான் தாமதம். எந்த இடத்தில் உட்கார்ந்து பாடினாரோ அதே இடத்தில், வாய் இருந்த அதே உயரத்தில், ஏழு வருஷத்துக்குப் பிறகு வந்து ஒலிக்கும். ஏழு என்பதும் தோராயம்தான். மழைக்காலத்தில் பாடியவை சில நாள் முந்திக்கொண்டு வந்துவிடும், கோடையில் பாடியவை கொஞ்சம் சுணங்கும். கயாவில் விஷ்ணுபதக் கோயிலுக்குப் பின்னால் ஆற்றைப் பார்த்து இறங்கும் சந்தில் இது எல்லோருக்கும் தெரிந்த விஷயம். எள்ளு மிட்டாய் இடிக்கிற ஜக்கு சாவ் என்பவருக்குப் புது எள் எந்த மாதம் சந்தைக்கு வரும் என்று தெரிந்திருந்த மாதிரி இதுவும் தெரிந்திருந்தது.

பாடக் குடும்பம் மூன்று தலைமுறையாகப் பண்டாக்களுக்குப் பாடி வந்த குடும்பம். இறந்தவர்களுக்குப் பிண்டம் போட நாட்டின் எல்லா மூலையிலிருந்தும் ஜனங்கள் கயாவுக்கு வந்தார்கள், அவர்களுக்குச் சடங்கு செய்துவைத்துப் பண்டாக்கள் செழித்தார்கள், செழித்தவர்களுக்கு மாலையானால் தும்ரி என்கிற காதல் பாட்டு கேட்க வேண்டியிருந்தது. திரிபுராரி பாடக்குக்கு இரண்டு பையன்கள். மூத்தவன் ரகுவன்ஷ் நான்கு வயதிலேயே சுருதி பிடித்தான். இளையவன் பைகுண்டை ஆறு வயதில் அப்பா தம்புராவுக்கு எதிரே உட்கார வைத்தார். வாய் திறந்தது, கழுத்து நரம்பு புடைத்தது, தாடை அசைந்தது, சத்தம் மட்டும் வரவில்லை.

"எங்கடா ஸா?"

"பாடறேனே பாபுஜி. உங்களுக்குக் கேக்கலையா?"

திரிபுராரி அறைந்தார். மறுநாளும் அறைந்தார். அம்மா மிளகும் கல்கண்டும் கொடுத்துப் பார்த்தாள், வைத்தியர் நாக்கை இழுத்துப் பார்த்தார், மந்திரவாதி ஒருவன் மூக்கில் புகை ஏற்றிவிட்டுப் போனான். கடைசியில் தம்புரா மீட்டவாவது ஆவான் என்று அண்ணனுக்குப் பின்னால் உட்கார வைத்தார்கள். அங்கேயும் அவன் வாய் அசைந்துகொண்டேதான் இருந்தது. கச்சேரி கேட்க வந்த ஒரு பண்டா, "உங்க இளையவன் மீன் மாதிரி வாயைத் திறந்து திறந்து மூடறானே பண்டிட்ஜி, கொண்டுபோய்க் குளத்துல விட்டுடலாமா?" என்று கேட்டதும் சபையே சிரித்தது. திரிபுராரியும் சிரிக்க வேண்டியதாயிற்று.

பைகுண்டுக்குப் பதிமூன்று வயதானபோது, ஒரு குளிர்காலக் காலையில், திரிபுராரி வேப்பங்குச்சியோடு முற்றத்தில் நின்றுகொண்டிருந்தார். சாதகம் பண்ணும் அறையிலிருந்து ஒரு குழந்தை ஸா பிடிக்கும் சத்தம் கேட்டது. யார் வீட்டுப் பிள்ளையை உள்ளே விட்டது என்று திட்டிக்கொண்டே போய்ப் பார்த்தார். அறையில் யாரும் இல்லை. தம்புரா உறைக்குள் இருந்தது. தூணுக்குப் பக்கத்தில், ஆறு வயதுக் குழந்தை சம்மணமிட்டு உட்கார்ந்தால் வாய் எங்கே இருக்குமோ அந்த உயரத்திலிருந்து குரல் வந்துகொண்டிருந்தது. சுத்தமான குரல். வீட்டில் அப்படி ஒரு குரல் அதற்கு முன் கேட்டதில்லை. மூன்று முறை ஸா பிடித்தது. நான்காவது முறை பாதியில் உடைந்து விக்கியது. அந்த இடம் எந்த இடம் என்று திரிபுராரிக்குத் தெரிந்துவிட்டது. வேப்பங்குச்சியைக் கீழே போட்டுவிட்டுத் தன் வலது கையைத் திருப்பிப் பார்த்தார்.

அதன் பிறகு அவர் விடிந்ததும் அந்தத் தூணுக்கு எதிரில் வந்து உட்கார்ந்தார். குரல் வரும், உயரும், ஏதோ ஓரிடத்தில் உடையும். ஒரு மாதம் போல இப்படிக் கேட்ட பிறகு மனைவியிடம், "இவன் அழாம பாடின நாள் ஒண்ணுகூடக் கிடையாதா?" என்று கேட்டார். கை ஓங்குவது அதோடு நின்றது. பெரிய பூகம்பம் வந்து இரண்டாம் வருஷம் அவர் படுத்த படுக்கையானார். இளைய மகனைப் பக்கத்தில் கூப்பிட்டு, "இப்ப நீ பாடறது எப்படி இருக்குன்னு தெரியாமலே போகப் போறேன். நல்லாயிருக்கா?" என்று கேட்டார். நல்லாயிருக்கு பாபுஜி என்றான் பைகுண்ட். "சத்தியமா?" என்று மறுபடி கேட்டார். சத்தியமா என்றான். அவர் செத்துப்போனார்.

சுனைனா அந்த வீட்டுக்கு மருமகளாக வந்தபோது மாப்பிள்ளை பாடகர் என்று மட்டும்தான் சொல்லியிருந்தார்கள். முதல் நாள் காலையில் அறைக்குள் எட்டிப் பார்த்தாள். புருஷன் கண்ணை மூடிக்கொண்டு, சத்தமே இல்லாமல், வாயை மட்டும் அசைத்துக்கொண்டிருந்தார். அவருடைய மார்பு உயரத்திலிருந்து மீசை முளைக்காத பையன் ஒருவனின் குரல் வேறொரு பாட்டைப் பாடிக்கொண்டிருந்தது. அவள் பிறந்த வீட்டுக்குத் திரும்பிப் போய்விடுவாள் என்று மாமியார் பயந்தாள். அவள் போகவில்லை. "பாடறப்போ மட்டும் உங்க மூஞ்சிய என் பக்கம் திருப்பாதீங்க, பயமா இருக்கு" என்றாள், அவ்வளவுதான். கொஞ்ச நாளில் பழகிவிட்டது. அடுப்படியில் ரொட்டி போட்டுக்கொண்டே கேட்பாள். "என்னைக் கட்டிக்கிட்டவர் ஒருத்தர், எனக்குப் பாடறவன் இன்னொருத்தன். சின்னவன்தான் தேவலை" என்று பக்கத்து வீட்டு ராம்ரதியிடம் சொல்லிச் சிரிப்பாள். ராம்ரதி மிட்டாய்க்கார ஜக்கு சாவ் மனைவி. எள்ளைப் போலவே எந்தச் சேதியையும் இடித்துப் பதம் பார்க்காமல் விடமாட்டாள்.

கல்யாணமான முதல் நாள் புருஷன் என்ன பாடினார் என்று தெரிந்துகொள்ள சுனைனா ஏழு வருஷம் காத்திருந்தாள். அந்தக் காலை வந்தது. குரல் பயந்து நடுங்கிற்று, இரண்டு இடத்தில் சுருதி விலகிற்று. அவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தாள். பைகுண்டும் வெட்கத்தோடு சிரித்தார். அந்த வீட்டில் அவர்கள் சேர்ந்து சிரித்ததாகச் சந்தில் சொல்லப்படும் காலைகளில் அது ஒன்று.

ஆட்கள் அவரைத் தேடி வந்தார்கள். சோன்புர்வா ஜமீன்தார் தன் மகள் கல்யாணத்துக்குக் கூட்டிப்போய் முற்றத்தில் பாட வைத்தார். விருந்தாளிகள் ஒரு மனிதன் ஒரு நாழிகை வாயை அசைத்ததைப் பார்த்துவிட்டு விருந்துக்குப் போனார்கள். ஏழு வருஷத்தில் நாடு கைமாறியது, ஜமீன்தாரி ஒழிந்தது, ஜமீன்தாரும் போய்ச் சேர்ந்தார். அதே முற்றத்தில் அவரைப் பாடையில் கிடத்தி, பெண்கள் மார்பில் அடித்துக்கொண்டு அழுத நேரத்தில், மணமகளை வாழ்த்துகிற பாட்டு பாடைக்கு மேலே ஆரம்பித்தது. நிறுத்த யாருக்கும் வழி தெரியவில்லை. அழுகை ஒவ்வொன்றாக அடங்கியது. அன்று மணமகளாக உட்கார்ந்திருந்த மகள் பிணத்தின் காலடியில் உட்கார்ந்து முழுப் பாட்டையும் கேட்டாள். முடிந்த பிறகுதான் தூக்கினார்கள். அதோடு வீட்டு விசேஷத்துக்கு அவரைக் கூப்பிடுவது குறைந்துவிட்டது. கன்ஹையா பண்டா மட்டும் விடவில்லை. பருமனான மனிதர், பொறுமைசாலி. வருஷம் தவறாமல் தன் வீட்டுக் கூடத்தில் பாட வைத்து, ஏழு வருஷத்துக்கு முன் பாடியதைக் கேட்டு, தலையாட்டி, மாங்கன்று நட்டவர் பழம் பறிப்பது போலத் திருப்தியாக எழுந்து போவார். அண்ணன் ரகுவன்ஷ் கல்கத்தாவுக்குப் போய் இசைத்தட்டு கொடுத்துப் பெயர் வாங்கினார்.

இதற்கிடையில் பதாசி பிறந்திருந்தாள். சர்க்கரை மிட்டாய் மாதிரி இருந்ததால் அந்தப் பெயர். மூன்று வயதில் ஒருநாள், அப்பா சாதகம் பண்ணும்போது உள்ளே போன குழந்தை இரண்டு காதையும் பொத்திக்கொண்டு வெளியே ஓடிவந்தாள்.

"அம்மா, அப்பா ரொம்ப சத்தமா பாடறார்!"

"அது இப்ப பாடறது இல்லடி, பழசு."

"பழசும் கேக்குது. புதுசும் கேக்குது. ரெண்டும் ஒரே நேரத்துல கேட்டா காது வலிக்காதா?"

சுனைனா குழந்தையின் காதை முந்தானையால் பொத்தினாள். பைகுண்டோ சந்தோஷத்தில் குழந்தையைத் தூக்கிக்கொண்டு சந்து முழுக்கச் சுற்றினார். பிறந்ததிலிருந்து அவர் பாடியதை அப்போதே கேட்டவர்கள் யாருமில்லை. அதன் பிறகு காலையில் அவளை எதிரில் உட்கார வைத்துக்கொள்வார். அவர் வாய் அசையும், அவள் வாய்விட்டுக் கூடப் பாடுவாள். வெளியே நின்று பார்த்தால், ஊமையைப் பார்த்து ஒரு குழந்தை தனியாகப் பாடுகிற மாதிரி இருக்கும். ராம்ரதிக்கு அது பிடிக்கவில்லை. "அண்ணி, நமக்கெல்லாம் கேக்காதது அவளுக்கு மட்டும் ஏன் கேக்கணும்? அந்தப் பாட்டு ஏழு வருஷம் எங்கேயோ போய்த் தங்கிட்டு வருதில்ல, அங்கே இவளுக்கு ஒரு காது இருக்கு போல" என்றாள். சுனைனா அவளோடு ஒரு மாதம் பேசவில்லை.

எட்டு வயதில், ஒரு மழைக்காலத்தில், பதாசிக்குக் காய்ச்சல் வந்து மூன்றாம் நாள் போய்விட்டாள். கரையில் புதைத்துவிட்டு வந்து பைகுண்ட் தம்புராவை உறையில் போட்டுக் கட்டினார். அவர் நிறுத்தினாலும் வீடு நிறுத்தவில்லை. துக்கம் கேட்க வந்தவர்கள் வாசலில் செருப்பைக் கழற்றும்போது, உள்ளேயிருந்து ஏழு வருஷத்துக்கு முந்தைய பைகுண்ட் தவழுகிற குழந்தையைக் கொஞ்சிக் கொஞ்சிப் பாடிக்கொண்டிருந்தார். சுனைனா அறையைப் பூட்டிப் பார்த்தாள், கதவிடுக்கில் துணியை அடைத்துப் பார்த்தாள். சில பேர் கொடுத்த தண்ணீரைத் தொடாமலே எழுந்து போய்விட்டார்கள்.

மழை விட்டுப் பனி தொடங்கிய சமயம், ராம்ரதி சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து, "அண்ணி, வீட்டுக்கு யாராவது வந்திருக்காங்களா? சின்னக் குரல் ஒண்ணு கேக்குதே" என்றாள். சுனைனா கையிலிருந்த மாவோடு ஓடினாள். பைகுண்டின் குரலுக்குப் பின்னால், ஒரு அடி தள்ளி, பதாசி பாடிக்கொண்டிருந்தாள். அது அவள் பேச்சு வராத குழந்தையாக இருந்தபோது அவர் பாடிய பாட்டு. பாடியதோ எட்டு வயதுக் குரல். சுனைனா அந்த இடத்தில் கையை நீட்டினாள். ஒன்றும் தட்டுப்படவில்லை. விரல் நுனியில் மட்டும் வாய்க்கு எதிரே கை வைத்தால் படுகிற வெதுவெதுப்பு இருந்தது. பைகுண்ட் வாசற்படியில் நின்று பார்த்தார், உள்ளே வரவில்லை.

அன்றைக்கே அவள் கணக்குப் போட்டுவிட்டாள். "நீங்க வாயை மூடி நாலு மாசமாச்சு. ஏழு வருஷம் கழிச்சு இந்த வீட்ல நாலு மாசம் சத்தமே இருக்காது. நீங்க வந்தாத்தான் அவ வர்றா. எடுங்க தம்புராவ."

"எனக்கு வரல சுனைனா."

"வரலைன்னா அழுங்க. அழுகையச் சுருதியில அழுங்க. எனக்கு அது போதும்."

அவர் எடுத்தார்.

வருஷங்கள் போயின. குரல் முற்றியது. எழும்பும் இடமும் உயர்ந்தது. முதலில் சுனைனாவின் இடுப்பளவில் இருந்தது, பிறகு மார்பளவுக்கு வந்தது. ஒரு வருஷம் ஹோலிக்கு முன்னால் குரல் சில வாரம் கரகரத்துவிட்டு வேறு மாதிரி தெளிந்தது. அன்று சுனைனா அந்த இடத்துக்குப் பக்கத்தில் கொடியில் ஒரு தாவணியைப் போட்டு வைத்தாள். பேசிப் பார்ப்பாள். பதில் வராது, பாட்டு மட்டும் வரும். பாட்டு நடக்கும் நேரத்தில் அந்த அறைக்குள் பூனை போகாது, விளக்கு ஏற்றினால் சுடர் இரண்டு பக்கமும் மாறி மாறிச் சாயும். சந்தில் பெண் பார்க்க வருகிறவர்கள், யாருடைய பெண் இவ்வளவு நன்றாகப் பாடுகிறாள் என்று விசாரிப்பதும், ஜக்கு சாவ் அவர்களுக்கு எள்ளு மிட்டாய் கொடுத்துப் பேச்சை மாற்றுவதும் வழக்கமாகிவிட்டது. பைகுண்ட் மட்டும் மெலிந்துகொண்டே வந்தார். "நான் பாடறப்போ எதிர்ல யாரோ மூச்சு விடறாங்க. கயித்துல கட்டின கன்னுக்குட்டி மாதிரி, போக முடியாம நிக்கறா" என்று கன்ஹையா பண்டாவிடம் சொன்னார்.

பண்டா தொடையில் தட்டினார். "அகால மரணம். பால் பல் விழுந்த குழந்தை. பிரேதசிலை மலையில ஒரு பிண்டம் போட்டியா? மதராஸ்லேர்ந்தும் பஞ்சாப்லேர்ந்தும் ரயில் ஏறி வர்றான். நீ ஒரு குதிரை வண்டி ஏற மாட்டேங்கிறியே."

பைகுண்ட் சுனைனாவிடம் கேட்டார். அவள் முடியாது என்றாள். அடுத்த வருஷமும் முடியாது என்றாள். பிறகு அவர் பாடாமல் விட்ட நாலு மாசத்துக்கான நாலு மாசம் வந்தது. காலையில் அறை வெறுமனே கிடந்தது. சுனைனா சமைப்பதை விட்டாள், தலை வாருவதை விட்டாள், தூணுக்கு எதிரில் உட்கார்ந்து கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கொடியில் கிடந்த தாவணி ஒரு காற்றுக்கும் ஆடவில்லை. பனி தொடங்கியதும் குரல் வந்தது, அன்று அவள் வற்புறுத்தி எடுக்க வைத்த அந்த அழுகை. அது கேட்கச் சகிக்காமல் இருந்தது. பதாசி அதற்கு அடியில் மிக மெதுவாக ஸாவை மட்டும் பிடித்துக்கொண்டு நின்றாள், தம்புரா மாதிரி, கடைசி வரைக்கும் விடாமல். பதினைந்து வயதுப் பெண்ணின் குரல். பைகுண்ட் அன்று சாப்பிடவில்லை.

"பொண்ணு வளர்ந்துட்டா சுனைனா. இன்னும் எத்தனை நாள் வீட்லயே வச்சுக்கறது?"

"மாப்பிள்ளை யாரு, யமனா?"

அடுத்த அமாவாசையன்று அவர் காலைச் சாதகத்தை முடித்துவிட்டு, ஒரு வார்த்தையும் சொல்லாமல் வண்டி ஏறிப் போய், மலை உச்சியில் பிண்டம் வைத்து, காற்றில் சத்துமாவைத் தூவிவிட்டு வந்தார். முன்கை மயிரிலெல்லாம் மாவு ஒட்டியிருந்தது. சுனைனா அதைப் பார்த்தாள். கை கழுவத் தண்ணீர் எடுத்து வைத்தாள். அன்றிலிருந்து அவரோடு பேசவில்லை.

மறுநாள் காலை பதாசி வழக்கம்போலப் பாடினாள். அதற்கடுத்த நாளும் பாடினாள். பண்டாவைக் கேட்டபோது அவர் வெற்றிலையை மென்றுகொண்டே, "உன் பாட்டு வந்து சேர ஏழு வருஷம் ஆகுதில்ல? நீ போட்ட பிண்டம் போய்ச் சேர மட்டும் உடனே ஆகணுமா?" என்றார். இது சந்தில் எல்லோருக்கும் நியாயமாகப் பட்டது.

சுனைனா பேசாமலே சோறு வைத்தாள், பேசாமலே துணி மடித்தாள். பைகுண்ட் தானே கேட்டுத் தானே பதில் சொல்லிக்கொண்டார். இப்படி ஐந்து வருஷம். மழை பொய்த்து, ஜனங்கள் புல் விதையை இடித்துத் தின்ற பஞ்ச வருஷத்தில் ஒரு காலை, அவள் அடுப்படியில் இருந்தாள், அறையிலிருந்து அப்பாவும் மகளும் பாடுவது கேட்டுக்கொண்டிருந்தது. இரண்டு குரலும் அவ்வளவு சேர்ந்து ஒலித்த நாள் இல்லை என்று பின்னால் சொன்னாள். பாட்டு முடிந்து வெகுநேரமாகியும் அவர் வெளியே வரவில்லை. போய்ப் பார்த்தாள். தம்புராவில் சாய்ந்து, வாய் பாதி திறந்தபடி, உடம்பு குளிர்ந்து போயிருந்தது. எந்த ஸ்வரத்தில் நின்றார் என்று யாருக்கும் தெரியாது. சத்தமில்லாமல் பாடுகிறவர் சத்தமில்லாமல் நின்றுவிட்டார்.

கல்கத்தாவிலிருந்து ரகுவன்ஷ் வந்தார். மறுநாள் காலை தம்பியின் குரல் எழுந்தபோது கூடத்தில் நின்று கேட்டார். தும்ரி முடிகிற வரைக்கும் அசையவில்லை. "என் இசைத்தட்டெல்லாம் உடைச்சுப் போட்டுடலாம்" என்று தனக்குள்ளேயே சொல்லிக்கொண்டார். பிறகு சுனைனாவிடம், "என்கூட வந்துடும்மா, இந்த வீட்ல தனியா எப்படி இருப்ப?" என்றார்.

"தனியா எங்கண்ணா இருக்கேன்? ரெண்டு பேரு இருக்காங்களே" என்றாள் சுனைனா. அவர் அவசரமாக ரயிலேறிவிட்டார்.

இரண்டு வருஷம் போய் அந்த அமாவாசை வந்தது. சுனைனா விடிவதற்கு முன்பே அறைவாசலில் உட்கார்ந்துவிட்டாள். அழைக்காமலே ராம்ரதியும் வந்தாள். பைகுண்டின் குரல் ஆரம்பித்தது, பதாசி சேர்ந்துகொண்டாள். பாதியில் பதாசியின் குரல் அப்பாவைத் தாண்டி முன்னால் வந்தது. அந்தக் குரல் இடம் மாறி யாரும் கேட்டதில்லை. தூணைக் கடந்தது, கொடியைக் கடந்தது, தாவணி அதுவாகவே நழுவித் தரையில் விழுந்தது. வாசற்படிக்கு வந்தபோது இருவருக்கும் நடுவில் வந்து ஒரு கணம் நின்றது. ராம்ரதிக்குத் தன் கன்னத்தில் மூச்சு பட்டது. உள்ளே அப்பா நிறுத்தாமல் பாடிக்கொண்டிருந்தார்.

"வழி விடுங்க அண்ணி" என்றாள் ராம்ரதி. "போகட்டும்."

ஏழு வருஷமாக இந்த நாளைச் சபித்தவள் சுனைனா. குறுக்கே கையை விரித்து நிற்பாள் என்று ராம்ரதி நினைத்தாள். சுனைனா எழுந்து அடுப்படிக்கு ஓடினாள். முறத்திலிருந்த அரிசியை இரண்டு கையாலும் அள்ளினாள், மேலே ஒரு மஞ்சள் கிழங்கை வைத்தாள், முற்றத்தில் முளைத்திருந்த அறுகம்புல்லைக் கிள்ளிப் போட்டாள். புருஷன் வீடு போகிற பெண்ணுக்கு மடியில் கட்டிவிடுகிற சீர் அது. அதற்குள் குரல் சந்தில் இறங்கிவிட்டது. ஜக்கு சாவ் கடையில் எள் இடிக்கும் உலக்கைகள் நின்றன. படுத்திருந்த நாய் எழுந்து சுவரோரம் ஒதுங்கிக்கொண்டது. பிண்டம் போட வந்திருந்த வெளியூர்க்காரர்கள், பெண் குரல் ஒன்று ஆளில்லாமல் தங்களுக்கு நடுவில் பாடிக்கொண்டு போவதைக் கேட்டு வழிவிட்டு நின்றார்கள். அரிசி கையில் இருந்ததால் சுனைனாவால் முக்காட்டை இழுத்துவிட முடியவில்லை. வெறுந்தலையோடு ஓடினாள். ஆற்றில் தண்ணீர் இல்லை, மணல்தான். மணலில் குரலை எட்டிப் பிடித்தாள்.

"கொஞ்சம் நில்லுடி. வெறும் மடியோட போகாத."

குரல் நின்றது, பாட்டு நிற்கவில்லை. சுனைனா குரலுக்குக் கீழே, ஒரு பெண் முந்தானையை ஏந்தினால் எங்கே இருக்குமோ அங்கே, கையைக் கவிழ்த்தாள். அரிசி தரையில் விழவில்லை. மஞ்சளும் புல்லும் விழவில்லை. படித்துறையில் நின்றவர்கள் எல்லோரும் பார்த்தார்கள். பிறகு குரல் மணலைக் கடந்து அக்கரைக்குப் போய், அங்கிருந்து கேட்காமலாயிற்று. சுனைனா திரும்பி வந்தபோது பைகுண்டின் பாட்டும் முடிந்திருந்தது.

அதற்குப் பிறகு வந்தவை அவள் பேசாமல் இருந்த வருஷங்களில் அவர் பாடியவை. துணையில்லாத ஒற்றைக் குரல். அதைக் கேட்கவே வேண்டாம் என்று முதல் நாள் அவள் அடுப்படிக்குப் போய்விட்டாள். கோபித்துக்கொண்டு முகம் திருப்பியவளைக் கெஞ்சுகிற தும்ரி ஒன்று தொடங்கியது. நடுவில், அதே ராகத்தில், அதே நெளிவு சுளிவோடு, பருப்பில் உப்பு அதிகம் என்றும் ஆனாலும் இரண்டாம் தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன் என்றும் அவர் பாடினார். சுனைனாவின் கையிலிருந்து கரண்டி விழுந்தது. மறுநாள் அவளுடைய பச்சைச் சேலை அவளுக்கு எடுப்பாக இருக்கிறது என்று பாடினார். ஒரு நாள், மலைக்குப் போகும்போது வழியெல்லாம் அழுதேன், வண்டிக்காரனைக் கேட்டுப் பார் என்று பாடினார். ஏழு வருஷம் கழித்தாவது ஒரு பதில் சொல்லு சுனைனா என்று நிதானமாக, ஒவ்வொரு எழுத்தையும் ஏழெட்டு விதமாகத் திருப்பித் திருப்பி, பாடினார்.

"உப்பு அன்னிக்கு ஜாஸ்திதான்" என்றாள் சுனைனா. அதுதான் முதல் பதில். அப்புறம் காலையில் கம்பு புடைத்துக்கொண்டும் காய் அரிந்துகொண்டும் அவரோடு பேசினாள். சில நாள் சண்டை போட்டாள், சில நாள் சிரித்தாள். சந்தில் போகிறவர்கள், பாடக் வீட்டம்மா புருஷனோடு பேசிக்கொண்டிருக்கிறாள், அப்புறம் வரலாம் என்று திரும்பிப் போவார்கள்.

கடைசிப் பாட்டு வரும் நாளை அவள் அறிந்திருந்தாள். அன்று குளித்து, பச்சைச் சேலையைக் கட்ட முடியாத குறைக்கு அதை மடித்து மடியில் வைத்துக்கொண்டு, அவர் உட்கார்ந்த இடத்துக்கு எதிரே உட்கார்ந்தாள். அவர் பாடினார். குரல் ஒரு சொல்லின் மேலே ஏறி, அங்கேயே நின்று, இல்லாமல் போயிற்று. சொல் பாதியில் கிடந்தது. சுனைனா பிறந்ததிலிருந்து பாடியவள் இல்லை. பாதியில் விட்டதை முடிக்க வாயைத் திறந்தாள். கழுத்து நரம்பு புடைத்தது, தாடை அசைந்தது. ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டிருந்த ராம்ரதிக்கு ஒன்றும் கேட்கவில்லை.

சுனைனா அதற்குப் பிறகு மூன்று வருஷம் இருந்தாள். அவள் போன பிறகு வீட்டில் வாடகைக்கு ஒரு குமாஸ்தா குடும்பம் வந்தது. அவர்களிடம் ராம்ரதி முதல் நாளே சொல்லி வைத்தாள். சொன்ன வருஷத்தில், பனி தொடங்கிய ஒரு காலையில், தூணுக்கு எதிரே ஒரு கிழவியின் குரல் எழுந்து ஒரே ஒரு சொல்லின் பின்பாதியைப் பாடி முடித்தது. சுருதி சேரவில்லை. குமாஸ்தாவின் மனைவி பால் பொங்குகிறதா என்று பார்த்துவிட்டு வந்து, இவ்வளவுதானா என்று கேட்டாள். இவ்வளவுதான் என்றாள் ராம்ரதி.